ஒரு பௌர்ணமி முன்னால்

என் மகள் ஆர்த்தி பிறந்தது மார்கழிப் பௌர்ணமியன்று. ஜனவரி பதினொன்று, காலை ஒன்பது மணி இருக்கும். பெற்றவள் நான் சொல்கிறேன், இதில் எனக்குச் சந்தேகம் ஒன்றும் கிடையாது. கிரிவலக் கூட்டத்துக்காகச் சாலையை அடைத்திருந்தார்கள். என் வீட்டுக்காரர் அருணகிரியின் ஆட்டோவால் தெருமுனையைத் தாண்ட முடியவில்லை. பக்கத்து வீட்டுச் சரசு அக்காதான் பிரசவம் பார்த்தாள். ஆஸ்பத்திரிக்கே போகாததால் பிறப்பை யாரும் பதியவில்லை. அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று நாங்களும் விட்டுவிட்டோம்.

ஐந்து வருஷம் கழித்துப் பள்ளிக்கூடத்தில் சான்றிதழ் கேட்டார்கள். அவர் மனு எழுதிக் கொடுத்து வாங்கி வந்தார். அதில் ஆர்த்தி ஒரு பௌர்ணமி முன்னாலேயே, கார்த்திகை தீபத்தன்று பிறந்துவிட்டாள். "எல்லாம் பௌர்ணமிதானே, இன்னா கெட்டுப்போச்சு? தீபத்தன்னிக்குப் பொறந்த பொண்ணுன்னா எவ்ளோ மரியாதை" என்றார்.

மரியாதைக்கு ஒன்றும் குறைவில்லை. ஆசிரமத்துப் பக்கம் சவாரி ஏறும் வெள்ளைக்காரர்களிடமெல்லாம், மலைமேல் தீபம் ஏற்றிய அதே நிமிஷத்தில் பிறந்தவள் என்று சொல்லிச் சொல்லிக் கதையை வளர்த்துவிட்டார். அவர்கள் அவளைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிடுவார்கள். வருஷா வருஷம் தீபத்தன்று கேக் வாங்கி வருவார். நான் மார்கழிப் பௌர்ணமியன்று சத்தமில்லாமல் கேசரி கிளறிக் கொடுத்து, இதுதான்டி நிஜம் என்பேன். அவளும் எனக்குக் கண்ணடித்துவிட்டுத் தின்பாள்.

பந்தாட்டம் அவளுக்கு எங்கிருந்து வந்தது என்று தெரியவில்லை. எங்கள் இரண்டு வீட்டிலும் பஸ்ஸைப் பிடிக்க ஓடியவர்கள்தான் உண்டு. இடது காலால் அவள் அடித்தால் பந்து எங்கே போகும் என்று கோல்கீப்பருக்கும் தெரியாது. பயிற்சியாளர் பிரகாஷ் சார் அவளை மாவட்டம், மாநிலம் என்று கூட்டிப்போய், கடைசியில் பதினேழு வயதுக்குட்பட்ட பெண்களுக்கான ஆசியப் போட்டிக்கு இந்திய அணி முகாம் வரை கொண்டுபோய் விட்டார். அவள் பிறந்த வருஷத்து ஜனவரி ஒன்றாம் தேதியோ அதற்குப் பிறகோ பிறந்தவர்கள் மட்டும்தான் ஆடலாம். படிவத்தில் ஆர்த்தி, நான் சொன்ன தேதியை எழுதினாள். மணிக்கட்டை ஸ்கேன் எடுத்து வயதைப் பார்த்தார்கள், அதிலும் தேறினாள். பாஸ்போர்ட்டுக்கு அசல் சான்றிதழ் வேண்டும் என்று அவளை வீட்டுக்கு அனுப்பினார்கள். அதைப் பிளாஸ்டிக் உறையிலிருந்து எடுத்து என் வீட்டுக்காரர் பெருமையாகத்தான் நீட்டினார்.

இரண்டு நாளில் பிரகாஷ் சார் வீட்டுக்கு வந்தார். உட்காரச் சொன்னோம், உட்காரவில்லை.

"எலும்பு பாஸ் ஆயிடுச்சுங்க. காகிதம்தான் பெயில்."

படிவத்தில் ஜனவரி, சான்றிதழில் டிசம்பர், ஆட்டத்துக்காக வயதைக் குறைத்தோம் என்றுதான் அங்கே நினைப்பார்கள் என்றார். சான்றிதழில் இருப்பது தவறு என்று வெள்ளிக்கிழமைக்குள் எழுத்தில் வாங்கிக் கொடுத்தால், அவரே அணிக்காரர்களிடம் சண்டை போட்டுப் பார்ப்பாராம். அணி கிளம்ப ஒன்பது நாள் இருந்தது.

மறுநாள் மூன்று பேரும் ஆட்டோவில் வேங்கிக்காலில் இருக்கும் பிறப்புப் பதிவு அலுவலகத்துக்குப் போனோம். வழியெல்லாம் நான் வாயை மூடவில்லை. பெற்றவளை ஒரு வார்த்தை கேட்டீர்களா, உங்கள் பெருமைக்கு என் பெண்ணின் காலை உடைத்துவிட்டீர்களே என்று நாக்கில் வந்ததையெல்லாம் கொட்டினேன். அவர் ரோட்டைப் பார்த்தே ஓட்டினார். ஆர்த்தி முகாமில் கொடுத்த நீல டிராக்சூட்டைப் போட்டுக்கொண்டு என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள்.

அலுவலகத்தில் இருந்த அம்மாள் பொறுமைசாலி. முழுக்கக் கேட்டுவிட்டுப் பழைய கோப்பைத் தேடி எடுத்து வரச் சொன்னார். தூசி தட்டிப் பிரித்தார், ஒரு பக்கத்தில் நிறுத்தினார், பிறகு அதை என் பக்கமாகத் திருப்பி வைத்தார். தீபத்தன்று பிறந்தாள் என்ற உறுதிமொழி. கீழே என் வீட்டுக்காரர் கையெழுத்து. அதற்கும் கீழே, தாயார்.

"சந்திரகலான்றது நீங்கதானேம்மா?"

நான்தான். சமையல் செய்துகொண்டிருந்தேன், அவர் பேப்பரைக் கொண்டுவந்தார், கையைத் துடைத்துக்கொண்டு போட்டேன். படிக்காமல் போட்டேன் என்று சொல்ல ஆசையாக இருக்கிறது. வரி வரியாகப் படித்தேன். தீபத்தன்று பிறந்தவள் என்றால் நாளைக்கு நல்ல இடத்திலிருந்து கேட்டு வருவார்கள் என்று நினைத்தேன். ஐந்து வயதுக் குழந்தைக்கு மாப்பிள்ளை பார்த்தேன் நான். அதை எப்போதோ மறந்தும் போனேன். இத்தனை வருஷத்தில் அவர் ஒரு தடவைகூட, நீயும்தானே கையெழுத்துப் போட்டாய் என்று கேட்டதில்லை. அன்று ஆட்டோவில்கூடக் கேட்கவில்லை. அது எனக்கு இன்னும் எரிகிறது.

தாயும் தகப்பனும் சேர்ந்து எழுதிக் கொடுத்தது, ஆஸ்பத்திரிப் பதிவும் இல்லை, சரசு அக்காவும் செத்துப்போனாள். கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும், மாசக்கணக்காகும் என்று அந்த அம்மாள் மெதுவாகச் சொன்னார்.

வெளியே வந்தோம். அவர் ஆட்டோ எடுக்கப் போனார். ஆர்த்தி என்னைப் பார்க்காமல் கேட்டாள்.

"படிச்சிட்டுத்தான் போட்டியாம்மா?"

"ஆமா."

டிராக்சூட்டின் ஜிப்பைக் கழுத்துவரை ஏற்றினாள்.

"இனிமே மார்கழிக்குக் கேசரி கிளறாத."

அணி அவள் இல்லாமல் போயிற்று. முதல் ஆட்டத்தை அவர் செல்போனில் போட்டுப் பார்த்தார். ஆர்த்தி வந்து பார்க்கவில்லை, நானும் பார்க்கவில்லை, கோஷம் மட்டும் அடுப்படிவரை கேட்டது. அதற்கப்புறம் தீபம் வந்தது. அவர் கேக் வாங்கவில்லை, சவாரிக்காரர்களிடமும் இப்போது எதுவும் சொல்வதில்லை. மார்கழிப் பௌர்ணமியன்று காலை ஒன்பது மணிக்கு ரவை டப்பாவைக் கையில் எடுத்தேன். ஆர்த்தி ஷூவை மாட்டிக்கொண்டு கதவருகே உட்கார்ந்திருந்தாள். டப்பாவைப் பார்த்தாள். அதை எடுத்த இடத்திலேயே வைத்தேன்.