சாவின் குகைக்கு மெழுகுவர்த்திகள்

செக் சினிமாவில் அரங்கம் போடுகிறவரை ஆர்க்கிடெக்ட் என்றுதான் கூப்பிடுவார்கள். ரடோவானும் இருபது வருஷமாக ஆர்க்கிடெக்ட்தான். அவர் கட்டிய அரண்மனைகளில் ஒரு பூனைகூடக் குடியிருந்ததில்லை. டிராகன் குகை, கடலடி மாளிகை, பேசும் காடு என்று என்னென்னவோ கட்டினார். படம் முடிந்த மறுநாள் அத்தனையையும் கோடாரியால் பிளந்து போட்டார்கள். அவர் வாழ்ந்ததோ பிராகின் ஓரத்தில், ஏழாவது மாடியில், இரண்டே அறையில்.

மே மாதம் அவருடைய ஒரே மகன் லுபோர் ராணுவப் பயிற்சியில் லாரி கவிழ்ந்து செத்துப்போனான். அடக்கம் முடிந்த மறுநாளே ரடோவான் ஸ்டுடியோவுக்கு வந்து பென்சில் சீவ உட்கார்ந்துவிட்டார். துக்கத்தை வேலையில் மறக்கலாம் என்று ஊரில் சொல்வார்கள். சொல்பவர்களுக்கு வேலையும் தெரியாது, துக்கமும் தெரியாது. அவர் எதையும் மறக்கவில்லை. அழுகை வரும் என்று காத்திருந்தார். அது வரவில்லை, அவ்வளவுதான். சாப்பிட்டால் உப்பா உறைப்பா என்று தெரியவில்லை.

மனைவி போஹுமிலா ஒரே ஒரு தடவை சொன்னாள். "கல்லறைத் திருநாளன்னைக்கு அவன் தலைமாட்டுல மெழுகுவர்த்தி எரியணும். அன்னைக்காவது எங்கூட வந்து நில்லு. அன்னைக்கும் வேலைன்னு சொன்னே, நான் எங்க அக்கா வீட்டுக்குப் போயிடுவேன். திரும்பி வரமாட்டேன்."

"வர்றேன்" என்றார். அதையும் மரத்துப்போன குரலில்தான் சொன்னார்.

அந்த இலையுதிர் காலத்தில் அவருக்கு வந்த வேலை சாவின் குகை. கதை அங்கே குழந்தைக்கும் தெரியும். சாவு ஒரு கிழவி. பூமிக்கடியில் அவளுக்கு ஒரு குகை. உயிரோடிருக்கும் ஒவ்வொருவருக்கும் அதில் ஒரு மெழுகுவர்த்தி. அது அணைந்தால் அந்த ஆளும் முடிந்தான்.

"நிஜ மெழுகுதான் வேணும், சுவர் முழுக்க" என்று ரடோவான் சொல்லிவிட்டார். பொருள் சேகரிக்கும் பெட்ரிஹ் வேன் எடுத்துக்கொண்டு ஊரெல்லாம் சுற்றினான்.

"கடை கடையா வழிச்சுத் துடைச்சுட்டேன் ஆர்க்கிடெக்ட் சார். பிராக்ல கரண்ட் போனா இனிமே இருட்டுதான்!"

எல்லோரும் சிரித்தார்கள். வருஷம் தவறாமல் கல்லறையில் மெழுகுவர்த்தி ஏற்றுகிற ஜனங்கள்தான். கல்லறைத் திருநாள் நெருங்குகிறது என்று ஒருவருக்கும் உறைக்கவில்லை.

திருநாளன்று காலை படப்பிடிப்பு இழுத்துக்கொண்டே போனது. லைட்மேன் ஒருவன் முணுமுணுத்தான். "மாமியார் என்னைக் கிழிச்சுத் தொங்கவிட்டாங்க. அவங்க புருஷன் கல்லறையில ஏத்தி வைக்க ஒரு மெழுகுவர்த்தி கிடைக்கலையாம். என்னமோ நான் தின்னுட்ட மாதிரி!"

ரடோவானின் காதில் அது விழுந்தது. உள்ளே இறங்கவில்லை.

மதியம் போஹுமிலா வந்தாள். ஒரு கையில் வெள்ளைச் சாமந்தி, மறு கையில் காலிப் பை.

"நுஸ்லே கடைத்தெருவுல இல்ல. ஸ்மிஹோவ் கடைத்தெருவுலயும் இல்ல. சினிமாக்காரங்க அள்ளிட்டுப் போயிட்டாங்கன்னு கடைக்காரி சொல்றா. நீதானா அது?"

"நான்தான்."

அவள் குகைக்குள் பார்த்தாள். சுவரெல்லாம் தீ நாக்குகள்.

"ஒண்ணு எடுத்துக்கறேன்."

இயக்குநர் ஹானுஷ் பதறிக்கொண்டு வந்தார். கெட்டவர் இல்லை, பாதி எடுத்த ஷாட் கையில் இருந்தது. "அம்மா, இருந்த இடத்துல ஒண்ணு குறைஞ்சாலும் படத்துல தெரியும். நாளைக்கு மொத்தத்தையும் எடுத்துக்குங்க."

"நாளைக்கு யாருக்கு?" என்றாள் அவள். பிறகு கணவன் பக்கம் திரும்பினாள். "இத்தனை வச்சிருக்கியே. இதுல நம்ம லுபோர் எது?"

ரடோவான் தொழில் பேசும் குரலிலேயே பதில் சொன்னார். "இதெல்லாம் உயிரோட இருக்கிறவங்களுக்கு. செத்தவங்களுக்கு இங்க இடமில்ல. லுபோர் செத்துட்டான்."

சொன்ன பிறகுதான் காதில் விழுந்தது. ஆறு மாதத்தில் அந்த வார்த்தையை அவர் வாய் சொன்னது அதுதான் முதல் தடவை.

பெட்ரிஹ் தன் பூட்ஸைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

ரடோவான் குகைக்குள் போனார். பின்வரிசையில் கைக்கு எட்டியதை விட்டுவிட்டு, கேமராவுக்கு நேர் எதிரே, நட்டநடுவில் நின்ற உயரமான மெழுகுவர்த்தியை ஊதி அணைத்துப் பிடுங்கினார்.

"ரடோவான்! அது நடுவுல இருக்கறதுய்யா! ஓட்டை தெரியும்!" என்று கத்தினார் ஹானுஷ்.

"தெரியட்டும்."

கோட்டை மாட்டிக்கொண்டு மனைவியிடம் வந்தார். ஹானுஷ் மறுபடி ஏதோ கெஞ்சினார்.

"தெரியட்டும்யா" என்று திரும்பச் சொல்ல வாயெடுத்தார் ரடோவான். பாதி வார்த்தையில் குரல் உடைந்தது. அத்தனை பேர் பார்க்க, அந்தக் கல்லு மனுஷன் மெழுகுவர்த்தியைப் பிடித்துக்கொண்டு விம்மி விம்மி அழுதார்.

போஹுமிலா அவர் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். "வா, இருட்டுறதுக்குள்ள போயிடலாம்" என்றாள்.