திரும்பி வந்த பெயர்

ஒரு சேஃப்டி பின் காணாமல் போனால்கூட வீட்டைத் தலைகீழாகக் கவிழ்த்துத் தேடுகிற மாமியார், மருமகளின் பாஸ்போர்ட் தொலைந்த அன்று மட்டும் அசையாமல் உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொண்டிருந்தாள்.

"தேடும்போது எதுவும் கிடைக்காதும்மா" என்றாள், பூண்டிலிருந்து கண்ணை எடுக்காமலே. "தங்கச்சி கல்யாணத்துக்கு நீ கடல் தாண்டிப் போய்த்தான் ஆகணுமா? நீ போகலைன்னா தாலி ஏறாதா?"

கட்டிலுக்கு அடியிலிருந்து தலையை வெளியே எடுத்த மருமகளுக்கு அந்த நொடியே விளங்கிவிட்டது. நேரடியாகக் கேட்டால் அழுகை, ஆர்ப்பாட்டம், மகனிடம் கோள். அவள் கேட்கவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு மூக்குக்கண்ணாடிக் கடைக்கு வேலைக்குப் போனாள். பகலெல்லாம் ஊரார் கண்ணைச் சோதித்தவளுக்கு, மாலைக்குள் தன் வழியும் பளிச்சென்று தெரிந்தது.

அவள் நெஞ்சில் ஏற்கெனவே ஒரு முள் இருந்தது. மாமியாருக்கும் அவளுக்கும் ஒரே பெயர். "ஒரே உறையில ரெண்டு கத்தியா? என் பிள்ளை உன்னைத் திட்டினா அது என் மேலதானே விழும்!" என்று, கல்யாணமான கையோடு மருமகளின் பெயரை மாற்றிவிட்டாள் மாமியார். பாஸ்போர்ட் வரைக்கும் அந்தப் புதுப் பெயர் ஏறிவிட்டது. செத்துப்போன வீட்டுப் பூனையின் பெயர் அது என்பது பிற்பாடுதான் தெரிந்தது. "எனக்கு உசிரான பூனைடி அது" என்று அதற்கொரு சமாதானம் வேறு.

காவல் நிலையத்தில் புகார் கொடுத்துவிட்டு, மறுநாளே பாஸ்போர்ட் அலுவலகத்தில் போய் நின்றாள் மருமகள்.

"எப்படியும் புதுசுதானே போடப்போறோம். விவரத்துல திருத்தம் எதுவும் இருக்கா?" என்று கேட்டாள் அதிகாரி.

"இருக்கு மேடம். பேரு. நான் பொறந்தப்போ வெச்ச பேரு எனக்குத் திரும்ப வேணும்."

அன்று இரவு சாப்பிடும்போது சேதியைப் போட்டு உடைத்தாள். கணவனுக்குப் புரை ஏறியது.

"அம்மா பேரைச் சொல்லி உன்னை நான் எப்படிக் கூப்பிடுவேன்?"

"பூனை பேரைச் சொல்லிக் கூப்பிட மட்டும் வாய் வந்துச்சே?"

அவன் தட்டுக்குள் தலையைப் புதைத்துக்கொண்டான். மாமியாரின் கையிலிருந்த கரண்டி அந்தரத்தில் நின்றது.

விடிந்ததும் மாமியார் கூவிக்கொண்டே ஓடிவந்தாள். "அடியே, கிடைச்சிடுச்சு! மளிகை டப்பாவுக்குப் பின்னால கிடந்துச்சு. எலி இழுத்துட்டுப் போயிருக்கும்போல!"

"பூனை இல்லாத வீட்டுல எலி துள்ளத்தானே செய்யும், அத்தை" என்றாள் மருமகள். "ஆனா இது இனி செல்லாது. தொலைஞ்சதுன்னு பதிவாயிட்டா செத்தது செத்ததுதான். குடுங்க, ஆபீஸ்ல ஒப்படைச்சிடறேன்."

"அப்போ நான் பத்திரமா வெச்சது..." மாமியார் நாக்கைக் கடித்துக்கொண்டாள்.

"வீண் இல்லை அத்தை. நீங்க ஒளிச்சு வைக்காம இருந்திருந்தா எனக்கு இந்தத் துணிச்சலே வந்திருக்காது. காலத்துக்கும் உங்களை மறக்க மாட்டேன்."

தேன் தடவிய குரல்தான். மாமியாருக்குத் தேள் கொட்டியதுபோல் இருந்தது.

புதுப் பாஸ்போர்ட்டோடு வந்த தபால்காரர், வாசலில் நின்று பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். "நான்தான்!" என்று பழக்கதோஷத்தில் கையை நீட்டிக்கொண்டு போனாள் மாமியார்.

அவர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். "பாஸ்போர்ட்டுக்கு எழுதிப் போட்டது நீங்களாம்மா?"

"இல்ல... அது அவ."

தன் பெயருக்கே தான் வழிவிட்டு ஒதுங்கி நிற்கவேண்டிய நாளும் வரும் என்று அவள் கனவிலும் நினைத்ததில்லை. மருமகள் நிதானமாக வந்து கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டாள்.

பயணத்துக்குப் பெட்டி கட்டும்போது, மாமியார் பொறுக்கமாட்டாமல் பூனைப் பெயரைச் சொல்லி அதட்டினாள். மருமகள் திரும்பவே இல்லை. இன்னொரு முறை, இன்னும் உரக்க. அவள் துணியை மடித்துக்கொண்டே இருந்தாள்.

"இனிமே என்னைத் திட்டணும்னா என் பேரைச் சொல்லித்தான் திட்டணும், அத்தை. எங்க, சொல்லுங்க பாப்போம்."

மாமியார் வாயைத் திறந்தாள். தன் பெயர் நாக்கு நுனிவரை வந்தது. அதை அப்படியே விழுங்கிவிட்டு, பூண்டு உரிக்கப் போய்விட்டாள்.