பம்பின் மேல் ஒரு சிவப்புக் கோப்பை

சாமி வீட்டோடு இருக்கட்டும், பள்ளிக்கூடத்துக்கு அறிவியல் போதும் என்று இருபது வருடமாகத் தொண்டை கிழியக் கத்திவரும் இயற்பியல் பேராசிரியன் நான். நேற்றைய கூட்டத்திலும் வெளுத்து வாங்கினேன். "எதையும் சோதிச்சுப் பார்க்காம நம்பாதீங்க" என்றதும் எழுந்த கைதட்டலில் எனக்குத் தலைகால் புரியவில்லை.

இன்று காலை ஆய்வுக்கூடத்துக்குள் நுழைந்ததும் அலறிவிட்டேன். கருவிக்குள் இருக்கும் காற்றை உறிஞ்சும் பம்பின் மேல் எப்போதும் இருக்கிற, காது உடைந்த சிவப்புக் கோப்பையைக் காணோம். கூட்டித் துடைக்கும் அக்கா அதைக் கழுவி ஜன்னலில் கவிழ்த்து வைத்திருந்தார்.

"யாரைக் கேட்டு எடுத்தீங்க? அது அங்க இருந்தாத்தான் பம்பு மக்கர் பண்ணாம ஓடும்!"

"அப்படியா சார்? எடுத்துட்டு ஓட்டிப் பார்த்தீங்களா?"

"பதினோரு வருஷமா அங்கதான் இருக்கு."

"நேத்து கூட்டத்துக்கு நானும் வந்திருந்தேன் சார். கடைசி வரிசை."

முகத்தை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை. அதிர்வு, எடை என்று ஏதோ உளறினேன்.

"அப்போ இப்பவே பார்த்துடலாமே சார்" என்றார், கோப்பையைக் கையில் எடுத்தபடி.

பார்த்திருக்கலாம்தான். ஆனால் இன்றைக்கு முக்கியமான அளவீடு ஒன்று இருந்தது. "நாளைக்குப் பார்க்கலாம்க்கா" என்று கோப்பையை வாங்கிப் பழைய இடத்தில் வைத்தேன். உடைந்த காது கிழக்கைப் பார்த்துத்தான் இருக்கிறதா என்று ஒன்றுக்கு இரண்டு தடவை சரிபார்த்துக்கொண்டேன்.