டீ சாரின் தலையாட்டல்

அப்பாவின் வாய் மூட மாட்டேன் என்று அடம்பிடித்தது. தாடைக்கு அடியில் கொடுத்து உச்சந்தலையில் முடிச்சுப் போட்ட துணி, வழுக்கி வழுக்கிக் காதுப் பக்கம் போனது. மகள் முடிச்சை அவிழ்த்து மறுபடி இறுக்கினாள். ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுக்கிற வேலை அவளுக்கு. நாள் முழுக்க யார் யார் முகவாயையோ பிடித்துத் திருப்பி, "அசையாதீங்க, மூச்சை அடக்குங்க" என்று சொல்லிச் சொல்லிப் பழகிய கை. அந்தக் கைக்கே அப்பாவின் தாடை அடங்கவில்லை.

"உயிரோட இருந்தப்பவே மூடாத வாய். இப்ப மட்டும் மூடிடப் போகுதா?" என்றாள்.

எதிரே நின்ற அம்மா காதில் விழாத மாதிரி போர்வையின் நுனியை இழுத்துச் சரிசெய்தாள்.

விடிகிற நேரத்தில், தூக்கத்திலேயே போய்விட்டார். கொடுத்துவைத்த சாவு என்று வந்தவர்கள் எல்லாரும் சொன்னார்கள். கொடுத்துவைத்தவர்தான் என்று மகளும் நினைத்துக்கொண்டாள். ஆயுசு முழுக்க ஊரைக் கேள்வி கேட்டவர். அவரை உட்காரவைத்து ஒரே ஒரு கேள்வி கேட்க ஆள் இல்லாமல் போய்ச் சேர்ந்துவிட்டார்.

கூடத்தில் வாடகை நாற்காலிகள் நிறைந்துவிட்டன. பாதிப் பேர் போலீஸ்காரர்கள். ஓய்வு பெற்றவர்கள், ஓய்வு பெறப் போகிறவர்கள், அப்பாவிடம் பாடம் படித்தவர்கள். அவர்களுக்கு நடுவில் இப்போதைய இன்ஸ்பெக்டர் உட்கார்ந்து, அவள் தம்பியின் ஆபீஸ் நண்பர்களுக்கு அப்பாவின் பெருமையை விளக்கிக்கொண்டிருந்தார்.

"டிபார்ட்மெண்ட்ல சாருக்குப் பேரே டீ சார்தான். நாங்கல்லாம் லத்தியத்தான் நம்பிக்கிட்டிருந்தோம். சாருக்கு ஒரு டீ, ஒரு நாற்காலி, அவ்வளவு போதும். ஒருத்தன் மேல கை வச்சது கிடையாதுங்க. ஆனா சார்கிட்ட உட்கார்ந்தவன் ஒத்துக்காம எழுந்ததும் கிடையாது. எல்லாம் சைக்காலஜி!"

சைக்காலஜி என்ற சொல்லைக் கற்கண்டு மாதிரி வாயில் உருட்டினார். மேலதிகாரிகள் அப்பாவை அதற்கென்றே ஒரு பயிற்சிக்கு அனுப்பியிருந்தார்கள். சட்டம் போட்ட சான்றிதழ் இதோ கூடத்துச் சுவரில், இன்ஸ்பெக்டரின் தலைக்கு நேர் மேலே தொங்கிக்கொண்டிருக்கிறது.

அந்த வித்தை வீட்டில் எல்லாருக்கும் மனப்பாடம். நடுவில் மேஜை இருக்கக் கூடாது. நாற்காலியை முழங்கால் முழங்காலோடு இடிக்கிற தூரத்துக்கு இழுத்துப் போடணும். டீ கொடுத்து, பாதி குடிக்கிற வரைக்கும் பேசக் கூடாது. அப்புறம் தோளில் கை. "உன் இடத்துல நான் இருந்தாலும் இதத்தான் செஞ்சிருப்பேன்." அதற்கும் அப்புறம்தான் கேள்வி. "திட்டம் போட்டுச் செஞ்சியா? இல்ல, ஆத்திரத்துல கை மீறிப் போச்சா?" எதைச் சொன்னாலும் ஜெயில்தான். ஆனால் இரண்டாவதைச் சொன்னால் ஏதோ தப்பித்த மாதிரி இருக்கும். வேண்டிய பதில் வந்தால் அப்பா லேசாகத் தலையாட்டுவார். வராவிட்டால் தரையைப் பார்த்துக்கொண்டு சும்மா இருப்பார். அந்தச் சும்மாவைத் தாங்க முடியாமல்தான் ஆட்கள் வாயைத் திறந்தார்கள்.

"உடம்பை அடிச்சா உடம்புதான் பேசும், மனசைத் தடவிக் குடுத்தா மனசு பேசும்னு சொல்வாரு சார்" என்றார் இன்ஸ்பெக்டர்.

தடவிக் கொடுப்பதாம். மகளுக்கு முழங்கை வரைக்கும் கூசியது.

"எங்களையும் விட்டு வைக்கல சார்" என்று தம்பி கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தான். பாவம், அப்பா பிள்ளை. "சின்ன வயசுல சுவர்க் கடிகாரத்தை உடைச்சிட்டு கமுக்கமா இருந்தேன். அப்பா அடிக்கல, திட்டல. ஒரு டம்ளர் பால் குடுத்தாரு. பக்கத்துல உட்கார்ந்தாரு. பந்து பட்டு உடைஞ்சுதா, கை பட்டு உடைஞ்சுதான்னு கேட்டாரு. கை பட்டுன்னு ஓன்னு அழுதுட்டேன்! இன்னைக்கும் பொய் சொல்லணும்னா அந்தப் பால் டம்ளர்தான் ஞாபகம் வரும்."

எல்லாரும் சாவு வீட்டுக்கு ஏற்ற அளவில் சிரித்தார்கள். அம்மா மட்டும் எழுந்து சமையலறைக்குப் போனாள். மகள் பின்னாலேயே போனாள்.

அம்மா டீத்தூள் டப்பாவைத் திறந்து, வெறுமனே உள்ளே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"அந்தக் கடிகாரத்தைத் தம்பி உடைக்கல" என்றாள்.

"என்னம்மா சொல்ற?"

"ஆணி கழண்டு விழுந்துச்சு. உங்கப்பா கண்ணு முன்னாடிதான் விழுந்துச்சு. நானும் பார்த்தேன்."

"அப்புறம் எதுக்கு அவன உட்கார வச்சு..."

"பயிற்சிக்குப் போய்ட்டு வந்த புதுசு. செஞ்சு பார்க்கிறேன்னாரு." டப்பாவை மூடினாள். "பையன் அழுதுக்கிட்டே ஒத்துக்கிட்டானா, அன்னிக்கு என்கிட்ட வந்து அப்படி ஒரு சிரிப்பு. வேலை செய்யுதுடீன்னாரு."

"ஏம்மா, இத்தனை வருஷம் நீ வாயே திறக்கலையே!"

"என்னை யாரு கேட்டா?"

மகள் பாத்திரம் கழுவும் தொட்டியில் குனிந்தாள். காலையிலிருந்து பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்காத வயிற்றிலிருந்து கசப்பாக ஏதோ கொஞ்சம் வந்தது. சீ, பெற்ற பிள்ளையை எலியாக்கிச் சோதித்துப் பார்த்த மனுஷன். தம்பிக்கு நாற்பது வயது தாண்டிவிட்டது, கை பட்டு உடைந்தது என்றே இன்னும் நம்பிக்கொண்டிருக்கிறான். குழாயைத் திறந்து வாயைக் கொப்பளித்தாள். கொப்பளித்தும் அந்த ருசி போகவில்லை.

அப்போதுதான் கூடத்தில் பெரிதாக ஓர் அழுகை கேட்டது. இந்த வீட்டில் அதுவரை யாரும் அப்படி அழவில்லை.

எட்டிப் பார்த்தாள். கழுத்து வரைக்கும் பொத்தான் போட்ட சட்டை, ஒட்டிய கன்னம், அறுபதைத் தொடும் வயது. அப்பாவின் கால்மாட்டில் உட்கார்ந்து தேம்பிக்கொண்டிருந்தார். பேப்பரில் வந்த படத்தில் பார்த்த முகம், அவளுக்கு ஆளைத் தெரிந்துவிட்டது. வாளிக்காரர்.

வீட்டில் அவருக்கு அதுதான் பெயர். துணிக்கடைக் கிடங்கு ஒன்று எரிந்து, உள்ளே படுத்திருந்த காவலாளி செத்துப்போன கேஸ். இவர் அங்கே மூட்டை தூக்கிக்கொண்டிருந்தவர். முதல் நாள் காவலாளியோடு சண்டை. அன்று ராத்திரி மூக்கு முட்டக் குடித்துவிட்டுத் தெருவில் விழுந்து கிடந்தவருக்கு எதுவும் ஞாபகமில்லை. அப்பாவுக்கு அது போதுமானதாக இருந்தது. "ஞாபகமே இல்லங்கிற. அப்ப செய்யலைன்னு மட்டும் எப்படித் தெரியும்? மனசு தாங்க முடியாததை மறைச்சு வச்சுக்கும்பா. நாம ரெண்டு பேரும் சேர்ந்து தேடுவோம்" என்றாராம். சேர்ந்து தேடி, மண்ணெண்ணெய் கொண்டுபோன வாளியைக் கண்டுபிடித்தார்கள். சிவப்பா என்று இவர் கேட்டதற்கு அப்பா தரையைப் பார்த்தார். பச்சையா என்றதற்கும் தரையைப் பார்த்தார். நீலமா என்றதும் தலையாட்டினார். மாஜிஸ்திரேட்டிடமும் இவர் அப்படியே சொன்னார். கிடங்கில் உருகிக் கிடந்தது நீல வாளி என்று போலீசைத் தவிர யாருக்கும் தெரியாது, ஆகவே இவன்தான் குற்றவாளி என்று கோர்ட்டும் தலையாட்டியது. சாப்பிடும்போது அப்பா இதை நடித்தே காட்டுவார். பத்து வருஷத்துக்குப் பக்கமாக உள்ளே இருந்த பிறகு, வேறு கேஸில் மாட்டிய வேறொருவன் கிடங்கை எரித்தது தான்தான் என்று சொன்னான். காவலாளியின் மோதிரம் அவனிடம் இருந்தது. இவரை விட்டுவிட்டார்கள். அதன் பிறகு அப்பா சாப்பாட்டு நேரத்தில் அந்தக் கதையை மட்டும் சொல்வதில்லை.

இன்ஸ்பெக்டர் எழுந்து மகளிடம் வந்தார். "இவன் எதுக்கு இங்க வந்தான்? வெளிய அனுப்பிடட்டுமா?"

"சாவுக்கு வந்தவர அனுப்பக் கூடாது சார். நீங்க உட்காருங்க."

வாளிக்காரரைக் கையைப் பிடித்து எழுப்பி, அப்பாவின் அறைக்கு அழைத்துப் போனாள். மெத்தையைச் சுருட்டிவைத்த கட்டிலும் ஒரு முக்காலியும் ஒரு நாற்காலியும் இருந்தன. முக்காலியில் அவரை உட்காரவைத்து, சமையலறையிலிருந்து ஒரு டீ கொண்டுவந்து கொடுத்தாள்.

"நீங்க மூத்த பாப்பாதானே?" என்றார். "கோர்ட்டு விட்டதும் நேரா சாரைப் பார்க்கத்தான் வந்தேன். அப்ப நீங்க இல்ல."

"எங்கப்பாவையா? எதுக்குண்ணே?"

"வேற யாரு இருக்கா எனக்கு? வீட்டுல யாரும் முகம் குடுத்துப் பேசல. சார்தான் உட்கார வச்சு டீ குடுத்தாரு. தோள்ல கையப் போட்டு, 'கோர்ட்டு விட்டுருச்சு, சந்தோஷம். ஆனா உண்மை என்னன்னு உனக்கும் எனக்கும் தெரியும். நிம்மதியா இரு'ன்னு சொன்னாரு." டீயை ஒரு வாய் குடித்தார். "அந்த நிம்மதி மட்டும் வரவே இல்ல பாப்பா. சார் போறதுக்குள்ள ஒரு தடவை கேட்டுடணும்னு இருந்தேன். கடைசியா ஏதாச்சும் சொன்னாரா? நான் செஞ்சேனா இல்லையான்னு அவருக்குத்தானே தெரியும்?"

அடப்பாவி மனுஷா, விடுதலையான ஆளைக்கூட விடவில்லையா நீ? அவளுக்குக் கூடத்துக்குப் போய் அந்தத் திறந்த வாயைப் பார்த்துக் கத்த வேண்டும் போல இருந்தது. இந்த ஒரு ஆளுக்காவது இன்று உண்மையைக் கொடுத்து அனுப்பாவிட்டால் தானும் மனுஷியில்லை என்று நினைத்தாள்.

"அண்ணே, நீங்க செய்யல. செஞ்சவன் வேற ஒருத்தன். மோதிரம் அவன்கிட்ட இருந்துச்சு."

"தெரியும். பேப்பர்லகூடப் போட்டிருந்தாங்க. ஆனா எனக்கு ஞாபகம் இருக்கே." வலது உள்ளங்கையை விரித்துக் காட்டினார். "வாளியோட கம்பி இந்த இடத்துல அழுத்துச்சு. நீல வாளி. நடக்கும்போது தளும்பிக் காலெல்லாம் மண்ணெண்ணெய். இப்பவும் சில நாள் காலைக் கழுவிக்கிட்டே இருப்பேன்."

"அந்த நீலம் எங்கப்பா குடுத்ததுண்ணே. சிவப்புன்னீங்க, தரையைப் பார்த்தாரு. பச்சைன்னீங்க, அதுக்கும் தரையைப் பார்த்தாரு. நீலம்னதும் தலையாட்டினாரு. எங்களுக்கு நடிச்சே காட்டியிருக்காரு."

"ஆமா, அப்படித்தான் நடந்துச்சு" என்றார் அவர். "ஆனா நீலம்னு சொன்னது நான்தானே?"

அவள் நாற்காலியை முன்னால் இழுத்து உட்கார்ந்தாள். குரலைத் தணித்தாள். நோயாளிகளிடம் பேசுகிற குரல் என்றுதான் நினைத்தாள். "இங்க பாருங்கண்ணே, உங்க மேல ஒரு தப்பும் இல்ல. உங்க இடத்துல நான் இருந்தாலும் அப்படித்தான் சொல்லியிருப்பேன். நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. அந்த ஞாபகம் உங்களோடதா? இல்ல, அவரு உள்ள வச்சதா?"

அவர் அவள் முகத்தையே பார்த்தார். எதையோ தேடுகிற பார்வை.

"என்னோடது..." என்று இழுத்தார். அவள் கண் தன்னையறியாமல் தரைக்குப் போனது. "இல்ல... சார் வச்சதா?"

அவள் தலையாட்டினாள்.

அந்த முகம் அப்படியே மலர்ந்தது. "ஆமா பாப்பா. சார் வச்சதுதான். நான் செய்யல. நான் ஒண்ணுமே செய்யல." டீ டம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு சிரித்தார். "அப்படியே சார் மாதிரியே பேசுறீங்க. எவ்வளவு இதமா இருக்கு!"

அப்போதுதான் பார்த்தாள். அவள் முழங்கால் அவர் முழங்காலை இடித்துக்கொண்டிருந்தது. கை அவர் தோளில் இருந்தது. டம்ளரில் டீ பாதி. பாம்பைத் தொட்ட மாதிரி கையை இழுத்து உடுப்பில் துடைத்தாள். துடைத்துக்கொண்டே இருந்தாள். அப்பாவின் ரத்தம் என்று ஆயிரம் பேர் சொன்னபோதெல்லாம் வராத அருவருப்பு, இப்போது தோலுக்கு அடியில் ஊர்ந்தது.

"நான் சொன்னேங்கிறதுக்காகச் சொல்லாதீங்கண்ணே" என்றாள்.  "உங்களுக்கு என்ன தோணுது? உங்களுக்கே?"

சிரிப்பு போய்விட்டது. எங்கேயோ தப்பாகச் சொல்லிவிட்டவர் போல விழித்தார்.

"நீங்க என்ன சொல்றீங்களோ அதான் பாப்பா."

வெளியே வண்டி வந்து ஹாரன் அடித்தது. நாற்காலிகள் நகரும் சத்தம் கேட்டது. தம்பி கதவருகே வந்து, "அக்கா, நேரமாச்சு, வா" என்றான்.

கூடத்தில் நாலு பேர் தூக்குவதற்குத் தயாராக நின்றார்கள். தாடைத் துணி மறுபடி வழுக்கிக் கழுத்துக்கு வந்திருந்தது, யாரும் கவனிக்கவில்லை. அம்மா சுவரோரம் நின்றாள். மகள் துணியைச் சரிசெய்யப் போனாள், பாதியில் நின்றுவிட்டாள். அவளைத் தாண்டிக்கொண்டு வாளிக்காரர் அப்பாவின் தலைமாட்டுக்குப் போனார். முதல் பொத்தானைச் சரிபார்த்துக்கொண்டு, முகத்துக்குப் பக்கத்தில் குனிந்தார்.

"சார்" என்றார் மரியாதையாக. "நான் செய்யலைன்னு பாப்பா சொல்றாங்க."

இன்னும் கொஞ்சம் குனிந்தார்.

"சரிதானே சார்?"

"தூக்கலாமா?" என்றான் தம்பி.

கொஞ்சம் பொறுங்கள் என்கிற மாதிரி வாளிக்காரர் அவனுக்குக் கையைக் காட்டினார். பார்வையை எடுக்காமல், அந்தத் தாடையையே பார்த்துக்கொண்டு நின்றார்.