சோலைமலை கட் சொன்ன நேரம்

சோலைமலை யாரையும் நம்புகிற ஆள் இல்லை. ஜீப்பில் ஏறினால் டிரைவர் முகத்தைப் பார்க்கமாட்டார், பிரேக் மிதிக்கிற காலைப் பார்ப்பார். ஆஸ்பத்திரியில் ஊசி போட்டால், எழுத்துத் தெரியாவிட்டாலும் மருந்துக் குப்பியை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்ப்பார். கட்டின பெண்டாட்டியையும் அந்தக் கணக்கில்தான் வைத்திருந்தார்.

“நான் செத்தா நீ ரெண்டு நாளு அழுவ. மூணாம் நாளு டிவியப் போட்டு உக்காந்துருவ” என்று சுருளியம்மாளிடம் அடிக்கடி சொல்வார்.

“ரெண்டு நாளுங்கிறதே சாஸ்திய்யா” என்பாள் அவள்.

அப்பேர்ப்பட்ட மனிதர் ஒரு ரஷ்யாக்காரர் எடுக்கும் படத்தில் நடிக்க ஒத்துக்கொண்டார் என்றதும் சிலமலை ஊரே சிரித்தது.

ரஷ்யாக்காரர் பெயர் ரோதியோன். சிலமலையில் யார் வாயிலும் அது நுழையாமல் ரோசய்யா ஆகிப்போனது. அவரைக் கூட்டிவந்தவள் ஜாக்குலின். போடியில் ஏலக்காய்க் கடை வைத்திருக்கிற சுந்தரராஜின் மகள். ரஷ்யாவில் போய் டாக்டருக்குப் படித்தவள். அந்த ஊர்க் குளிர் தாங்காமல், உள்ளே வெதுவெதுப்பாக இருக்கிறதே என்று நாடகக் கொட்டகையில் போய் உட்கார ஆரம்பித்தாளாம். பாஷை ஒழுங்காக வந்ததே அங்கேதானாம். மேடையில் ராஜாவாக நின்றவர் ரோதியோன். நாடகம் முடிந்ததும், அப்பா அனுப்பிய ஏலக்காயில் ஒரு கை அள்ளி அவருக்குக் கொடுத்திருக்கிறாள். முகர்ந்து பார்த்துவிட்டு, இது எங்கே விளைகிறது என்று கேட்டாராம். அந்தக் கேள்விதான் பல வருஷம் கழித்து அவரைப் போடிமெட்டுக்கு மேலே, சோலைமலையின் ஏலத்தோட்டத்துக்குக் கொண்டுவந்து நிறுத்தியது.

முதல் நாளே சோலைமலை கேட்டுவிட்டார். “பாப்பா, இந்தாளு நெசமாவே நடிகனா? தோட்டத்த அளந்துட்டுப் போக வந்தவனா?”

“நடிகரா இருந்து டைரக்டர் ஆனவரு பெரியப்பா.”

“எல்லாரும் அப்பிடித்தான் சொல்வாய்ங்க. உள்ள நடக்கச் சொல்லு பாப்போம்.”

ஏலச்செடிக்குப் பூவும் காயும் மேலே இல்லை. தூரிலிருந்து சரம் சரமாகக் கிளம்பித் தரையோடு தரையாகப் படர்ந்து கிடக்கும். பழக்கமில்லாத கால் பட்டால் சரம் ஒடியும், அந்தக் காய் அவ்வளவுதான். ரோதியோன் ஒரு தடவை குனிந்து தரையைப் பார்த்தார். பிறகு தலையை நிமிர்த்திக்கொண்டு வரிசையின் கடைசி வரைக்கும் போய்த் திரும்பி வந்தார். சோலைமலை பின்னாலேயே குனிந்து தேடிக்கொண்டு போனார். ஒரு சரம் ஒடியவில்லை.

“மேடையில மூஞ்சிக்கு நேரா வெளிச்சம் அடிப்பாங்களாம். கீழ ஒண்ணும் தெரியாதாம். காலுதான் எடத்த ஞாபகம் வச்சுக்கணுமாம்” என்றாள் ஜாக்குலின்.

“காலு நடிகன் காலுதான்” என்று ஒத்துக்கொண்டார் சோலைமலை. “மத்தத பெறகு பாப்போம்.”

அதற்குப் பிறகு தினமும் விடிந்ததும் தோட்டத்து ஆட்களோடு ஜீப்பில் ஏறிப் போவது, ரோதியோன் காட்டுகிறபடி நடப்பது, உட்காருவது, வானத்தைப் பார்ப்பது. காமிரா பிடித்தவள் ஒரு ரஷ்யாக்காரப் பெண். பெயர் சோனியா. “நம்ம பேரால்ல இருக்கு” என்று சுருளியம்மாளுக்கு அவள்மேல் ஒரே பிரியம். கதை பெரிதாக ஒன்றும் இல்லை. மகளை ரஷ்யாவுக்குப் படிக்க அனுப்பிவிட்டுத் தனியாக இருக்கிற ஒரு ஏலக்காய் விவசாயி. அவ்வளவுதான்.

காய் உலர்த்தும் ஸ்டோருக்கு வெளியே பால் விடாத கட்டன்சாயா குடிக்கும்போது ரோதியோன் தன் கதையைச் சொல்வார். ஜாக்குலின் தமிழில் சொல்வாள். முதலில் மேடையில் நாற்காலி தூக்கிப் போடுகிற வேலையாம். அப்புறம் ஈட்டியைப் பிடித்துக்கொண்டு ஓரமாக நிற்கிற வேஷம். அப்புறம் குடிகாரன், பாதிரியார், ராஜா. சினிமாவில் கூப்பிட்டார்கள். முகத்தைப் பார்த்ததும் கெட்டவன் வேஷத்தையே கொடுத்தார்கள். சுடுவார்கள், தூக்கில் போடுவார்கள், ஆற்றில் அமுக்குவார்கள்.

“எத்தன தடவ செத்துருக்காராம்?” என்று சுருளியம்மாள் கேட்டாள்.

“எண்ணிக்க விட்டுப்போச்சாம்.”

“சம்சாரம் ஒண்ணுஞ் சொல்லலையா?”

“மொதத் தடவ மட்டும் அழுதாங்களாம்.”

சோலைமலை பெண்டாட்டியைத் திரும்பிப் பார்த்தார். “கேட்டுக்க.”

பிறகு ஒரு நாள் மேடையில் பேசிக்கொண்டே இருக்கும்போது ரோதியோனுக்கு வார்த்தை நின்றுவிட்டது. அடுத்து என்ன என்று தெரியவில்லை. மரம் மாதிரி நின்றார். சனம் இருமியது. திரையை இழுத்துவிட்டார்கள். அன்றைக்குத் துடைத்த அரிதாரத்தை மறுபடி அவர் முகத்தில் பூசவே இல்லை. மற்றவர்களை நடிக்க வைக்கிற வேலைக்குப் போய்விட்டார்.

“அப்ப நடிக்க முடியாதவன்தான் டைரக்டர் ஆவானா?” என்றார் சோலைமலை.

ஜாக்குலின் அதைச் சொல்லலாமா என்று யோசித்தாள். பிறகு சொன்னாள். ரோதியோன் கட்டன்சாயா சிந்தும்படி சிரித்தார். “அப்படித்தான்” என்றார் தமிழிலேயே. அந்த ஒரு வார்த்தையை எங்கேயோ பிடித்து வைத்திருந்தார்.

இந்தப் படத்துக்காக ஊரில் இருந்த வீட்டை அவர் விற்றுவிட்டார் என்பதையும் அன்றைக்குத்தான் ஜாக்குலின் சொன்னாள்.

“வீட்ட வித்தானா? சரியான கிறுக்கன்” என்றார் சோலைமலை. ஆனால் அன்றிலிருந்து சொன்ன நேரத்துக்கு முன்னாலேயே ஜீப் நிற்கிற இடத்தில் போய் நின்றார்.

சிக்கல் கடைசிக் காட்சியில் வந்தது. விவசாயி தோட்டத்துக்குள் நடந்து போய், செடிகளுக்கு நடுவே விழுந்து சாகிறான். படம் அதில்தான் முடிகிறது. கேட்டதும் சுருளியம்மாள் எழுந்து நின்றுவிட்டாள்.

“எந்தாலி கழுத்துல கெடக்கையில இந்த மனுசன் பொணமாப் படுக்கிறதா? அதெல்லாம் நடக்காது.”

“நடிப்புத்தான பெரியம்மா.”

“நடிப்புன்னு நமக்குத் தெரியும். எமனுக்குத் தெரியுமா?”

பெண்டாட்டிக்காகத்தான் மாட்டேன் என்கிறேன் என்று சோலைமலை சொல்லிக்கொண்டார். உள்ளபடிக்கு அவருக்கே பயம்தான். ஆனால் மறுநாள் ஒரு நாள்தான் பாக்கி, அதை விட்டால் அவர்களுக்கு ஊர் திரும்ப டிக்கெட். முடிவு இல்லாத படத்தை யார் வாங்குவான்? விற்ற வீடு விற்றதுதான். ரோதியோன் வற்புறுத்தவில்லை. தலையை ஆட்டிவிட்டுச் சாயா டம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவர் உட்கார்ந்திருந்த விதம் சோலைமலைக்குப் பிடிக்கவில்லை. திட்டியிருந்தால்கூடப் பரவாயில்லை.

மறுநாள் காலையில் கஞ்சியில் உப்பு இல்லை. சோலைமலை ஒன்றும் சொல்லாமல் குடித்துவிட்டுக் கிளம்பினார். சும்மா நடக்கிற காட்சி ஒன்று பாக்கி என்று பெண்டாட்டியிடம் சொல்லியிருந்தார்.

தோட்டத்துக்குப் போனதும் நேராக ரோதியோன் முன்னால் போய் நின்றார்.

“பாப்பா, சொல்லு. நான் சாகமாட்டேன். இவன்தான் செத்துப் பழகினவனாச்சே. என் சட்டையப் போட்டுக்கிட்டு இவனே சாகட்டும். தூரத்துல இருந்து பாத்தா யாருக்குத் தெரியப்போகுது?”

ரோதியோன் முகம் வெளுத்துப்போனது. தான் நடிப்பதில்லை என்றார்.

“பேசவா சொல்றேன்? சாகறவன் என்னத்தப் பேசப்போறான்? மறக்கிறதுக்கு அங்க என்ன இருக்கு?”

ஜாக்குலின் சொல்லி முடித்ததும் ரோதியோன் சோலைமலையை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு கோட்டுப் பொத்தானைக் கழற்றினார்.

ஸ்டோருக்குள் துணி மாற்றிக்கொண்டார்கள். சோலைமலையின் கட்டம் போட்ட சட்டையும் வேட்டியும் தலைத்துண்டும் அவருக்கு. அவருடைய கனத்த கோட்டும் கால்சட்டையும் தொப்பியும் சோலைமலைக்கு. வெள்ளைக் கையிலும் காலிலும் சேற்றைப் பூசினார்கள். சோலைமலையைவிட ஒரு சாண் உயரமான ஆள், முழங்காலை லேசாக மடக்கி முதுகைக் கொஞ்சம் தளர்த்தியதும் அந்த ஒரு சாணும் எங்கே போனதென்று தெரியவில்லை. நடந்து காட்டினார். வலது தோளைத் தூக்கிக்கொண்டு, நாலு எட்டுக்கு ஒரு தடவை நின்று பின்னால் திரும்பிப் பார்த்துக்கொண்டு.

“நானா இப்பிடித் திரும்பித் திரும்பிப் பாக்கேன்?” என்றார் சோலைமலை.

“எப்பவுமே பெரியப்பா.”

ஒரே ஒரு சந்தேகம் மிச்சம் இருந்தது. டைரக்டர் செத்துக் கிடந்தால் கட் சொல்வது யார்? ரோதியோன் விரலை நீட்டினார். சோலைமலையைக் காட்டினார்.

“உங்களுக்கு யாரையும் நம்பத் தெரியாது. அதனால நீங்கதான் சரியான ஆளுங்கிறாரு” என்றாள் ஜாக்குலின். “அவரு செத்தது பொய்யாத் தெரிஞ்சா ஒடனே கட் சொல்லிரணுமாம். நம்புறாப்ல இருந்தா விட்டுறணுமாம்.”

“அது என் சோலி. நடக்கச் சொல்லு.”

மஞ்சு மூட்டம் இறங்கி வந்துகொண்டிருந்தது. ரோதியோன் செடிகளுக்குள் நடந்தார். நின்றார். திரும்பிப் பார்த்தார். ஒரு செடியின் இலையைத் தொட்டார், கன்றுக்குட்டியின் காதைத் தொடுகிற மாதிரி. பிறகு இரண்டு தூருக்கு நடுவே, ஒரு சரத்தின் மேலும் படாமல், அப்படியே முகம் குப்புறச் சாய்ந்தார். சோனியா காமிராவை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. சோலைமலை கழுத்தை நீட்டிப் பார்த்தார். மூச்சு விடுகிற அசைவு தெரிகிறதா? தெரியவில்லை. ஒரு அட்டை குதிகாலில் ஏறியது. கால் ஆடவில்லை. பரவாயில்லை, சாகத் தெரிந்த ஆள்தான் என்று நினைத்தார்.

அப்போதுதான் ஜீப் ரோட்டுப் பக்கமிருந்து அலறல் கேட்டது.

சுருளியம்மாள் மதியச் சோற்றுத் தூக்குவாளியோடு வந்துவிட்டாள். கட்டம் போட்ட சட்டை கீழே கிடந்ததைப் பார்த்துவிட்டாள். வாளியை விட்டெறிந்துவிட்டு ஓடிவந்தாள். பக்கத்துத் தோட்டத்தில் காய் எடுத்துக்கொண்டிருந்த குருவம்மாளும் மகாராணியும் சத்தம் கேட்டு வந்து, என்ன ஏது என்று விசாரிக்காமல் அவர்களும் மாரில் அடித்துக்கொண்டார்கள்.

“உப்பில்லாத கஞ்சியக் குடிச்சிட்டுச் சண்டை போடாமப் போனியேய்யா. அப்பவே ஒம் பின்னாலயே வந்துருக்கணுமேய்யா” என்று கீழே கிடந்தவர் முதுகில் விழுந்தாள். “டிவியத் தூக்கி ஓடையில எறியுறேன். எந்திரிய்யா. இனிமே நீ என்ன சொன்னாலும் ஏட்டிக்குப் போட்டி பேசல, எந்திரிய்யா.”

சோலைமலை வாயில் கட் இருந்தது. வெளியே வரவில்லை.

அவள் அழுவதை அவர் பார்த்துக்கொண்டு நிற்கவில்லை. வாயால் அழுவதை அவர் எந்தக் காலத்திலும் நம்பியதில்லை. அவள் ஓடிவந்த தடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு சரத்தை மிதித்ததற்காக மகாராணியை ஒரு வாரம் ஏசிய பொம்பளை அவள். இன்றைக்கு ஒரு வரிசை முழுக்கச் சரத்தை மிதித்துத் துவைத்துக்கொண்டு வந்திருக்கிறாள். கீழே பார்க்கவே இல்லை.

“பெரியப்பா, கட் சொல்லுங்க” என்று ஜாக்குலின் அவர் இடுப்பில் கிள்ளினாள்.

“இரு.”

“பாவம், பெரியப்பா.”

“இரு பாப்பா, நம்புறாப்ல இருக்கு.”

இன்னும் கொஞ்ச நேரம் நின்றார். பிறகுதான் “கட்” என்றார்.

பிணம் எழுந்து உட்கார்ந்து குதிகாலில் இருந்த அட்டையைப் பிய்த்துப் போட்டது. குருவம்மாள் ஓடியே போய்விட்டாள். சுருளியம்மாள் மண் ஒட்டிய ரஷ்யாக்கார முகத்தைப் பார்த்தாள். பிறகு குரல் வந்த பக்கம் திரும்பினாள். அங்கே கோட்டும் தொப்பியுமாகத் தன் புருஷன்.

“எம்புட்டு நேரமாய்யா நிக்கிற?”

“கொஞ்ச நேரந்தான்.”

“நான் கத்துனது கேட்டுச்சா?”

“டிவிய ஓடையில எறியுறேன்னது வரைக்கும் கேட்டுச்சு.”

அவள் ரோதியோன் தலையில் இருந்த துண்டைப் பிடுங்கிக்கொண்டு வந்து கோட்டின் மேலேயே சாத்து சாத்தென்று சாத்தினாள். அது கனத்த கோட்டு, ஒன்றும் வலிக்கவில்லை. அவர் சிரித்துக்கொண்டே வாங்கிக்கொண்டார். கடைசியில் அவளுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. மகாராணி மண்ணில் உட்கார்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். ஓடிப்போன குருவம்மாள் ஒரு செடிக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தாள்.

ரோதியோன் மட்டும் கீழேயே உட்கார்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். என்னவோ வேகவேகமாகச் சொன்னார்.

“இத்தன தடவ செத்ததுல இப்பிடி யாரும் அழுததில்லையாம்” என்றாள் ஜாக்குலின். “கதையில அந்த விவசாயிக்குப் பொண்டாட்டி இல்லாம இருந்துச்சாம். இப்ப வந்துருச்சாம். ஊருக்குப் போனதும் பழைய கொட்டகையில போயி ஒரு வேஷம் கேக்கப்போறாராம். ஈட்டி பிடிச்சு நிக்கிற வேஷமா இருந்தாலும் போதுமாம்.”

“கட் சொன்னவன் எப்பிடின்னு கேளு” என்றார் சோலைமலை.

கேட்டாள். ரோதியோன் எழுந்து, கையை நெஞ்சில் வைத்து, அவருக்கு முன்னால் குனிந்தார்.

சுருளியம்மாளுக்கு வேறு கவலை. “அந்தப் பொட்டிக்குள்ள நான் அழுததும் விழுந்துருச்சா? முடியெல்லாம் கலஞ்சு கெடந்துச்சே” என்றாள். சோனியாவுக்கு என்ன புரிந்ததோ, ஓடிவந்து அவள் தலையைக் கோதிவிட்டாள்.

சாயங்காலம் ஜீப் போடிக்கு இறங்கியது. ரோதியோன் கோட்டைத் திருப்பி வாங்கிக்கொள்ள மாட்டேன் என்று சொல்லிவிட்டதால் சோலைமலை அதைப் போட்டுக்கொண்டே உட்கார்ந்திருந்தார். கீழே போகப்போக வேர்த்தது. கழற்றவில்லை.

“ஒரு வரிசைச் சரத்த மிதிச்சுட்ட” என்றார்.

“வையப் போறியா?”

“சும்மா சொன்னேன்.”

“வீட்டுக்குப் போனதும் மொத வேலையா டிவியத்தான் போடப்போறேன்.”

“போடு” என்றார் சோலைமலை. அவளுடைய நசுங்கிப்போன தூக்குவாளியை மடியில் வைத்துக்கொண்டு, டிரைவரின் பிரேக் காலையே பார்த்தபடி வந்தார்.