பூதேவ்தா பறந்த காலை

கங்கைக்கு மேலே ஒரு மனிதர் பறந்ததை நான் என் இரண்டு கண்ணாலும் பார்த்திருக்கிறேன். வேட்டியும் செருப்புமாகப் பறந்தார். படமும் எடுத்தேன். பறந்தவர் எங்கள் பூதேவ்தா; எங்கள் ஊரில் அண்ணனைத் 'தா', 'தாதா' என்போம். ஓய்வுபெற்ற பௌதிக வாத்தியார், மூட்டுவலிக்காரர், கைத்தடி இல்லாமல் கொல்லைப்பக்கம்கூடப் போகாதவர்.

பாக்பஜாரில் கானாயின் டீக்கடை பெஞ்சில் இதை நான் சொன்னபோது, அதே பூதேவ்தா என் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார்.

"டேய் ஹிமாங்ஷு, டிராம்ல அத்தன வருஷம் டிக்கெட் கிழிச்சியே, எல்லாம் வாயாலதான் கிழிச்சியா?"

"சத்தியமா பறந்தீங்க தாதா. வெள்ளிக்கிழம காலையில, மழ விட்டதும். படம் இதுக்குள்ள இருக்கு." மடியிலிருந்த கேமராவைத் தட்டினேன்.

அவர் முகம் ஒரு கணம் மாறியது. உடனே தடியை ஓங்கி ஊன்றினார். "படத்தக் காட்டு. இல்லன்னா துர்கா பூஜ முடியற வரைக்கும் இந்த பெஞ்சுல நீ வாயத் தொறக்கக் கூடாது. டீ குடிக்கலாம். பேச்சு கிடையாது."

கானாய் கெட்டிலைக் கீழே வைத்தான். "ஐயோ, செத்துருவாரு தாதா!"

உண்மைதான். பூஜைச் சமயத்தில், ஊரே பேசும்போது, நான் மட்டும் மண்குவளையை முறைத்துக்கொண்டு உட்காருவதா? அதைவிடக் காசிக்குப் போய்விடலாம்.

கேமரா என் கல்யாணத்துக்கு மாமனார் கொடுத்தது. கறுப்பு டப்பா. படம் எடுத்ததும் ஒரு குமிழைத் திருப்பிச் சுருளை நகர்த்த வேண்டும், அவ்வளவே வித்தை. ஒரு சுருளுக்குப் பன்னிரண்டு படம். கண்டபடி அமுக்க முடியாது. டப்பாவின் தலையில் இருக்கும் சின்னக் கண்ணாடியில் குனிந்து பார்த்தபடி காத்திருக்க வேண்டும். அதில் இடம் வலமாகும், வலம் இடமாகும். பிறந்து வளர்ந்த ஊர் எனக்கு அதில்தான் புதிதாகத் தெரிந்தது. சாமி சிலை செய்பவர்கள் இருக்கும் குமார்டுலியில் தலையில்லாத வைக்கோல் துர்கைகள் பட்டறைக்கு வெளியே கைநீட்டி, தூறல் நின்றதா என்று பார்த்தன. ஆற்றோரத் தண்டவாளத்தில் ஒரு பசு ரயிலுக்குக் காத்திருந்தது. அது டிக்கெட் வாங்கியிருந்ததாக நான் இன்னும் யாரிடமும் சொல்லவில்லை.

அந்த வெள்ளிக்கிழமை எங்கள் சந்தில் குளமாகத் தண்ணீர். கண்ணாடிக்குள் பூதேவ்தா வந்தார், எகிறினார், நான் அமுக்கினேன். அந்தப் பரவசத்தோடு படித்துறைக்கு ஓடிக் கங்கையையும் எடுத்தேன். அவர் தாண்டியது கைவண்டி அகலத் தண்ணீர்தான். டீக்கடைக்கு நான் வந்து சேர்வதற்குள் அது கங்கையாகிவிட்டது. பேச்சில் தண்ணீர் பெருகும், நான் என்ன செய்ய?

படங்கள் கழுவி வந்த அன்று பெஞ்சிலேயே உறையைப் பிரித்தேன். எனக்கே மூச்சு நின்றது. விடியற்காலைக் கங்கை. ஒரு படகு. படகுக்கு மேலே, வேட்டி பாய்போல் விரிய, காற்றில் பூதேவ்தா!

கானாய் கும்பிடவே ஆரம்பித்தான். "மா கோ! தாயே!"

பூதேவ்தா மூக்குக்கண்ணாடியைத் துடைத்து மாட்டினார். "குமிழத் திருப்ப மறந்துட்டடா மடையா. ஒரே துண்டுல ரெண்டு படம் விழுந்திருக்கு. சந்து மேல கங்கை. பௌதிகம். தோத்துட்ட, வாய மூடு."

மூடினேன். என் பல்லுக்கே அது புது அனுபவம்.

ஆனால் படத்தை அவர் திருப்பித் தரவில்லை. பார்த்துக்கொண்டே இருந்தார். தண்ணீரைத் தொடாத இரண்டு பாதங்கள். கானாய் அவர் தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தான்.

"தாதா, தடி இந்த ஓரத்துல செவுத்துல சாஞ்சிருக்கு. நீங்க அந்தரத்துல இருக்கீங்க. மூட்டுவலிய எங்க விட்டீங்க?"

பூதேவ்தாவின் காது சிவந்தது.

"சந்துல யாருமில்லன்னு நெனச்சேன்டா," என்றார் மெதுவாக. "தண்ணிக்குள்ள மேகம் போயிட்டிருந்துச்சு. மிதிக்க மனசு வரல."

நான் பந்தயத்துக்குக் கட்டுப்பட்டவன். புருவத்தை மட்டும் உயர்த்தினேன்.

"சரி, பேசித் தொல," என்றார் பூதேவ்தா, படத்தைத் தன் ஜிப்பாப் பையில் பத்திரப்படுத்தியபடி. "கங்கை பொய்தான். ஆனா பறந்தேன்டா. அது நடந்துது."