பொதுப் பிரிவு

"போனை வைங்க," என்றாள் பானு.

அவள் கணவன் பூபாலன் கேட்கவில்லை. ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் கூட வேலை செய்கிறவர்களுக்கெல்லாம் ஒவ்வொருவராகப் போன் போட்டு, "நம்ம வீட்டுல கவர்மென்ட் டீச்சர் வந்தாச்சுப்பா!" என்று சொல்லிக்கொண்டிருந்தான்.

"வைங்கன்னு சொல்றேன்ல. அண்ணி பேரு லிஸ்டுல இல்ல."

அவன் சட்டென்று நிறுத்தினான். அவனுடைய அக்கா விஜயகுமாரி சமையலறையில் கழுவின பாத்திரத்தையே மறுபடி கழுவிக்கொண்டிருந்தாள்.

செகந்திராபாத்தை அடுத்த மல்காஜ்கிரியின் அந்த இரண்டு அறை வீட்டில் மூன்று வருஷமாக இரண்டு பெண்களும் ஒரே புத்தகத்தை வைத்துக்கொண்டு அரசுப் பள்ளி ஆசிரியர் தேர்வுக்குப் படித்தார்கள். பானுவுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்தவளே விஜயகுமாரிதான். பதினொரு வருஷமாக உப்பலில் ஒரு பள்ளியில் தற்காலிக ஆசிரியை. ஜூனில் கூப்பிடுவார்கள், ஏப்ரலில் அனுப்பிவிடுவார்கள். இந்தத் தேர்வை விட்டால் வயது வரம்பு தாண்டிவிடும்.

பட்டியலைத் திரும்பத் திரும்பப் பார்த்தபோதுதான் பானுவுக்கு அது கண்ணில் பட்டது. பொதுப் பிரிவில் பதினான்கு இடங்கள். சாதி பாராமல் எல்லோரையும் மதிப்பெண்படி நிறுத்திய வரிசையில் அவள் ஒன்பதாவது. அப்படியானால் அந்தப் பதினான்கில் ஒன்று அவளுடையது. ஆனால் அங்கே அவள் பெயரைக் காணோம். எஸ்.சி.க்கு ஒதுக்கிய நான்கு இடங்களில் முதலாவதாகப் போட்டிருந்தார்கள். எஸ்.சி. வரிசையில் ஐந்தாவதாக நின்ற விஜயகுமாரி வெளியே போய்விட்டாள்.

"அண்ணி எடத்துல என்னைத் தூக்கி வெச்சிருக்காங்க," என்றாள்.

பூபாலன் குரலைத் தாழ்த்தினான். "உனக்கு வந்துடுச்சில்ல? காய்கூ, எதுக்கு இப்ப வம்பு? கேள்வி கேட்டா உன்னுதும் போயிடும்." சொன்ன பிறகு அக்கா இருந்த பக்கம் பார்க்க அவனுக்கு முகமில்லை.

விஜயகுமாரி ஈரக்கையோடு வந்து நின்றாள். "அவன் சொல்றதுல தப்பில்ல பானு. எனக்காக நக்கோ, வேணாம். நீ போய்ச் சேரு."

பானு சான்றிதழ்களை எடுத்துப் பைக்குள் வைத்தாள். மறுநாள் காலை கல்வி அலுவலகத்துக்குப் போனாள்.

கண்காணிப்பாளர் சாரங்கபாணி செகந்திராபாத்தில் மூன்று தலைமுறையாக இருக்கும் தமிழர். பெயரைக் கேட்டதும், "அடடே, தமிழா நீங்க? உட்காருங்கம்மா," என்று நாற்காலியைக் காட்டினார். சான்றிதழைப் புரட்டினார். அதற்குப் பிறகு 'நீங்க' வரவில்லை.

"அப்ளிகேஷன்ல எஸ்.சி.னு எழுதினது நீதானே? அப்ப அந்த எடத்துலதான் போடுவாங்க."

"சாதி கேட்டீங்க, எழுதினேன் சார். வயசுச் சலுகைகூட நான் வாங்கல. மார்க்கு நான் எடுத்தது."

"உங்களுக்குன்னு நாலு எடம் குடுத்திருக்கு. நாலுலயும் உங்க ஆளுங்கதான். இன்னும் என்ன வேணும்?"

"பதினாலு எடம் எல்லாருக்கும்னுதானே சார் போட்டிருக்கு?"

அவர் நிமிர்ந்து பார்த்தார். பிறகு ஒரு படிவத்தை அவள் பக்கம் தள்ளினார். எஸ்.சி. ஒதுக்கீட்டில் கிடைத்த நியமனத்தை ஆட்சேபணை இல்லாமல் ஏற்றுக்கொள்கிறேன் என்று தெலுங்கில் அச்சடித்திருந்தது. பக்கத்திலேயே அவளுடைய நியமன ஆணை, முத்திரை குத்தித் தயாராக இருந்தது.

கையெழுத்துப் போட்டால் திங்கட்கிழமை வேலை. பானு அந்த வரியின் குறுக்கே ஒரு கோடு போட்டாள். எனக்குரிய இடம் பொதுப் பிரிவில் இருக்கிறது, அதைத் தர வேண்டும் என்று கீழே எழுதிக் கையெழுத்திட்டாள்.

சாரங்கபாணி ஆணையை எடுத்து இழுப்பறைக்குள் போட்டு மூடினார். "அப்ப காத்திரு."

பதினோரு மாதம் காத்திருந்தாள். அவளுக்குப் பின்னால் இருந்தவர்கள் எல்லோரும் வேலையில் சேர்ந்துவிட்டார்கள். பூபாலன் அவளோடு அளவாகவே பேசினான். அவள் போட்ட வழக்கு நடந்தது. கடைசியில் நீதிமன்றம், பானுவுக்குப் பொதுப் பிரிவில்தான் இடம் தந்திருக்க வேண்டும் என்றது. அலுவலகமும் கீழ்ப்படிந்து, பதிவுத் தபாலில் ஆணை அனுப்பியது. அதன் அடியில் ஒரு வரி: தேர்ச்சிப் பட்டியலின் காலம் முடிந்துவிட்டதால், காலியான எஸ்.சி. இடம் அடுத்த தேர்வில் சேர்க்கப்படும்.

விஜயகுமாரிக்குப் போன மாதம்தான் வயது வரம்பு தாண்டியிருந்தது.

அவள் அந்த வரியை இரண்டு முறை படித்தாள். "எனக்கு ஒரு எடம் இருந்துச்சுன்னு அவங்களே எழுதிக் குடுத்துட்டாங்க பாரு," என்றாள். தம்பி தலையைக் குனிந்துகொண்டான். பானு அழ ஆரம்பித்தாள்.

"அழுவாத. வக்கீலுக்கு இத ஒரு காப்பி குடு. இனிமே கேசு என் பேருல நடக்கட்டும்."

பானு வேலையில் சேர்ந்த அன்று, மதிய இடைவேளையில் ஆசிரியர் அறைக்குப் போனாள். மூத்த ஆசிரியை ப்ரியம்வதா ஏற இறங்கப் பார்த்துவிட்டுத் தெலுங்கில் கேட்டாள். "போஸ்டிங் எதுல? ஓபனா, கோட்டாவா?"

"ஓபன்."

ப்ரியம்வதாவின் முகம் மலர்ந்தது. பக்கத்து நாற்காலியை இழுத்துப் போட்டாள். "அதானே பார்த்தேன். ஆளைப் பார்த்தாலே தெரியுது. இந்தக் கோட்டாக் கூட்டத்துல நம்மவங்க ஒருத்தர் வர்றதே அபூர்வமாப் போச்சு. எடுத்துக்கோங்க, வீட்டுல சுட்ட சகினாலு." முறுக்கு மாதிரி இருந்த பலகாரத்தை டப்பாவோடு நீட்டினாள்.

"நான் எஸ்.சி.ங்க மேடம்," என்றாள் பானு. "மார்க்கு ஓபனுக்கே வந்துடுச்சு."

நீட்டிய கை அப்படியே நின்றது. இன்னொரு கை மூடியைத் தேடியது. அது மூடியைத் தொடுவதற்குள் பானு ஒரு சகினாலுவை எடுத்து, இரண்டாக ஒடித்து, நிதானமாக மென்று தின்றாள்.

"நல்லா இருக்கு மேடம்," என்றாள்.

மணி அடித்து எல்லோரும் வகுப்புக்குப் போனார்கள். மாலையில் பள்ளி விடும்போதும் அந்த டப்பா மேஜை மேல் திறந்தபடியே கிடந்தது. அதற்குப் பிறகு அதிலிருந்து யாரும் எடுத்துத் தின்றிருக்கவில்லை.